டெக்சஸில் கைத்துப்பாக்கி வைத்துக்கொள்ளும் உரிமம்: விண்ணப்பம் முதல் புதுப்பித்தல் வரை

டெக்சஸில் 2021 செப்டம்பர் 1 முதல், 21 வயது நிரம்பி, சட்டத்தடை ஏதும் இல்லாத ஒருவர் உரிமம் எடுக்காமலேயே கைத்துப்பாக்கியோடு வெளியே போகலாம். அப்படியிருக்க எதற்கு வகுப்பு, தேர்வு, கைரேகை, கட்டணம் என்று நிறையப் பேர் கேட்கிறார்கள். என் பதில்: துப்பாக்கி வைத்துக்கொள்வது என்று முடிவு செய்துவிட்டீர்கள் என்றால், உரிமத்தையும் எடுத்துவிடுங்கள். அது ஏன் என்று முதலில் சொல்லிவிட்டு, எப்படி என்பதற்கு வருகிறேன்.

இந்த உரிமத்தின் இப்போதைய பெயர் 'லைசென்ஸ் டு கேரி'. சுருக்கமாக எல்.டி.சி. பழைய ஆட்கள் இன்னும் சி.ஹெச்.எல். (கன்சீல்டு ஹேண்ட்கன் லைசென்ஸ்) என்பார்கள். மறைத்து வைத்துக்கொள்ள மட்டும் அனுமதித்த காலத்துப் பெயர் அது. 1991 அக்டோபரில் கில்லீன் என்ற ஊரில் லூபிஸ் உணவகத்துக்குள் ஒருவன் நுழைந்து 23 பேரைச் சுட்டுக் கொன்றான். அன்று தன் கண்ணெதிரே பெற்றோர் இருவரையும் இழந்தவர் சூசன்னா ஹப். அப்போதைய சட்டத்துக்குப் பயந்து தன் கைத்துப்பாக்கியைக் காரிலேயே விட்டுவிட்டு உள்ளே போயிருந்ததை அவர் சட்டமன்றக் குழுக்கள் முன் திரும்பத் திரும்பச் சொன்னார். 1995-ல் உரிமச் சட்டம் நிறைவேறியது. 2016 ஜனவரியில் வெளியே தெரியும்படி வைத்துக்கொள்ளவும் அனுமதி வந்தபோது பெயர் எல்.டி.சி. ஆனது.

உரிமம் இல்லாமலே முடியும்போது, எதற்கு?

முதல் காரணம் பள்ளிக்கூடம். கூட்டரசு (ஃபெடரல்) சட்டப்படி எந்தப் பள்ளியிலிருந்தும் 1,000 அடிக்குள் துப்பாக்கியோடு இருப்பது குற்றம். தனியார் நிலம், பூட்டிய பெட்டியில் தோட்டா நீக்கிய துப்பாக்கி என்று சில விலக்குகள் உண்டு. அந்த மாநிலமே தந்த உரிமம் கையில் இருப்பதும் ஒரு விலக்கு. ஃபிரிஸ்கோ, கேட்டி போன்ற புறநகரில் குடியிருப்பவர் காரை எடுத்தால், ஒரு பள்ளியையும் கடக்காமல் பால் வாங்கிவிட்டுத் திரும்ப முடியுமா? மாநிலம் உரிமம் தேவையில்லை என்றதும் எல்லாம் சரி என்று நினைப்பவர்கள், வாஷிங்டனின் சட்டம் அப்படியே நிற்கிறது என்பதைக் கவனிப்பதில்லை.

இரண்டாவது, பக்கத்து மாநிலங்கள். லூசியானா, ஓக்லஹோமா, ஆர்கன்சா போன்றவை டெக்சஸ் உரிமத்தை ஏற்கின்றன. கலிஃபோர்னியா, நியூயார்க், நியூ ஜெர்சி ஏற்பதில்லை. மூன்றாவது, துப்பாக்கி வாங்கும்போது கடைக்காரர் செய்யவேண்டிய உடனடிப் பின்னணிச் சோதனைக்கு இந்த அட்டை மாற்றாகும். வாங்குபவர் நிரப்பும் கூட்டரசின் 4473 படிவத்தை மட்டும் எப்படியும் நிரப்பியே ஆகவேண்டும். நான்காவது, மறதி. விமான நிலையச் சோதனை வாயிலில் பைக்குள் துப்பாக்கி இருப்பது தெரியவந்தால், உரிமம் உள்ளவர் சொன்னவுடன் வெளியேறிவிட்டால் மாநிலச் சட்டத்தில் அவருக்குத் தற்காப்பு உண்டு. உரிமம் இல்லாதவருக்கு அது கிடையாது. கூட்டரசின் அபராதம் இருவருக்குமே வரலாம்.

இவற்றைவிட நான் பெரிதாக நினைப்பது வகுப்பை. எப்போது சுடலாம் என்பதைவிட எப்போது சுடக்கூடாது என்பதை, சட்டம் தெரிந்த ஒருவர் முன்னால் உட்கார்ந்து அரை நாள் கேட்பது அங்கேதான்.

முதலில் உங்கள் விசாவைப் பாருங்கள்

நம் ஆட்கள் மற்ற எதையும் படிக்காவிட்டாலும் இந்தப் பகுதியைப் படிக்கவேண்டும். ஹெச்-1பி, ஹெச்-4, எஃப்-1, எல்-1, சுற்றுலாவுக்கான பி-2 என்று குடியேற்றம் சாராத விசாவில் இருப்பவர்கள் துப்பாக்கியோ தோட்டாவோ வைத்திருப்பதைக் கூட்டரசுச் சட்டம் தடை செய்கிறது. கிரீன் கார்டுக்காக நிறுவனம் போடும் ஐ-140 மனு ஒப்புதலாகி, பத்து வருடமாக வரிசையில் நின்றாலும் ஹெச்-1பி ஹெச்-1பிதான். துப்பாக்கி வாங்கத் தகுதி இல்லாதவருக்கு எல்.டி.சி. கிடையாது என்பது டெக்சஸ் சட்டத்திலேயே இருக்கிறது.

'வைத்திருப்பது' என்றால் சொந்தமாக வாங்குவது மட்டும் இல்லை. ரேஞ்சில், அதாவது சுடும் பயிற்சிக்களத்தில், வாடகைக்கு எடுத்துச் சுடுவதும் அதில் அடங்கும். ரெஹைஃப் என்ற மாணவர் படிப்பில் தோற்று, விசாத் தகுதியை இழந்தபின் ஃபுளோரிடாவில் ஒரு ரேஞ்சுக்குப் போய்ச் சுட்டார். வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போனது. தன் குடியேற்ற நிலை இன்னதென்று அவருக்குத் தெரிந்திருந்ததை அரசு நிரூபித்தாக வேண்டும் என்று 2019-ல் தீர்ப்பு வந்தது. ஆனால் அதற்குள் அவர் சிறைத் தண்டனை பெற்றிருந்தார். ஊரிலிருந்து பி-2 விசாவில் வந்திருக்கும் அப்பாவையும் மாமனாரையும் 'சும்மா ஒரு அனுபவத்துக்கு' ரேஞ்சுக்கு அழைத்துப் போகும் பழக்கம் நம்மிடையே இருக்கிறது. தயவுசெய்து வேண்டாம். துப்பாக்கியைக் கையில் கொடுக்கும் உங்களுக்கும் அதில் பொறுப்பு உண்டு.

ஒரு விலக்கு இருக்கிறது: செல்லுபடியாகும் வேட்டை உரிமம் வைத்திருப்பவர்கள். அதை மட்டும் நம்பி எல்.டி.சி. வரை போகலாமா என்பதை ஒரு குடியேற்ற வழக்கறிஞரிடம் கேட்டுவிட்டு முடிவெடுங்கள். 4473-ல் ஒரு கட்டத்தைத் தவறாக டிக் செய்வது பெருங்குற்றமாகலாம். கிரீன் கார்டுக் கனவும் அதோடு போய்விடும். கிரீன் கார்டு உள்ளவர்களுக்கும் குடிமக்களுக்கும் இந்தத் தடை இல்லை. ஆனால் அதே வீட்டில் ஹெச்-4-லோ எஃப்-1-லோ யாராவது இருந்தால், துப்பாக்கி அவர்களுக்கு எட்டாத பூட்டில், அவர்களுக்குத் தெரியாத எண்ணில் இருக்கட்டும்.

மற்றத் தகுதிகள்

21 வயது நிரம்பியிருக்க வேண்டும் என்பது பொது விதி. 18 முதல் 20 வரையிலானவர்களுக்கான விதிகள் தனி, இங்கே அதற்குள் போகவில்லை. பெருங்குற்றத் தண்டனை இருந்தால் கிடைக்காது. ஏ அல்லது பி வகைச் சிறுகுற்றத்தில் கடந்த 5 ஆண்டுக்குள் தண்டனை பெற்றிருந்தாலும் கிடைக்காது. முதல்முறை குடித்துவிட்டு வண்டி ஓட்டிப் பிடிபட்டதே பி வகையில் வரும் என்பதை நினைவில் வையுங்கள். நிலுவையில் வழக்கு, நீதிமன்றப் பாதுகாப்பு ஆணை, பிள்ளைக்கான ஜீவனாம்ச பாக்கி, மாநில வரி பாக்கி ஆகியவையும் தடைகள். கஞ்சா பக்கத்து மாநிலத்தில் சட்டப்படி கிடைக்கிறது என்பது இங்கே எடுபடாது. அதைப் பயன்படுத்துபவர் துப்பாக்கி வைத்திருப்பதைக் கூட்டரசுச் சட்டம் தடுக்கிறது.

வகுப்பு

4 முதல் 6 மணி நேரம். நேரிலும் படிக்கலாம், ஆன்லைனிலும் படிக்கலாம். ஆன்லைனில் படித்தால் சுடும் பகுதிக்கு மட்டும் தனியாக ஒரு பயிற்சியாளரிடம் போகவேண்டும். பயிற்சியாளர் டெக்சஸ் பொதுப் பாதுகாப்புத் துறையின், அதாவது டி.பி.எஸ்.-இன், அங்கீகாரம் பெற்றவராக இருக்க வேண்டும். விளம்பரத்தில் 'பத்து டாலருக்கு உடனடி உரிமம்' என்று வருபவற்றில் சில, வேறு மாநில உரிமத்துக்கானவை. பணம் கட்டும் முன் பார்த்துக்கொள்ளுங்கள்.

பாடத்திட்டத்தைச் சட்டமே வகுத்திருக்கிறது: ஆயுதச் சட்டமும் உயிர்போகும் அளவு பலத்தைப் பயன்படுத்தும் சட்டமும், துப்பாக்கியைப் பாதுகாப்பாகக் கையாளுதல், சண்டையைச் சண்டையில்லாமல் முடித்தல், குழந்தைகளுக்கு விபத்து நேராதபடி பத்திரப்படுத்துதல். கடைசியில் ஓர் எழுத்துத் தேர்வு, 70 சதவீதம் எடுத்தால் தேர்ச்சி.

முடிந்தால் நேரில் போங்கள் என்பேன். பார்க்கிங் தகராறில் ஒருவன் காரைவிட்டு இறங்கி வருகிறான், நான் என்ன செய்யலாம் என்று யாராவது கேட்பார்கள். கார் கதவு பூட்டியிருக்கிறதா, கிளம்பிப் போக வழி இருந்ததா, முதலில் கத்தியது யார் என்று பயிற்சியாளர் திருப்பிக் கேட்பார். வாய்ச்சண்டைக்கு மட்டும் பலத்தைப் பயன்படுத்துவதை டெக்சஸ் சட்டம் நியாயப்படுத்தாது. நீங்களே தூண்டிவிட்ட சண்டையில் தற்காப்பு வாதம் பெரும்பாலும் நிற்காது. இதைத் திரையில் படிப்பதைவிட, பத்துப் பேர் ஆளுக்கொரு கேள்வி கேட்கும் அறையில் கேட்டால் மனதில் நிற்கிறது.

சுடும் தேர்வு

மொத்தம் 50 தோட்டாக்கள். மனித உருவக் கோடு போட்ட பி-27 என்ற இலக்குத் தாள். 3 கெஜத்தில் 20, 7 கெஜத்தில் 20, 15 கெஜத்தில் 10. உள்வட்டங்களில் பட்டால் 5 புள்ளி, அதற்கு வெளியே ஏழாம் வட்டத்தில் 4, அதையும் தாண்டி உருவத்துக்குள் எங்காவது பட்டால் 3. முழு மதிப்பெண் 250, தேர்ச்சிக்கு 175 போதும்.

3 கெஜம் என்பது வரவேற்பறையின் நீளம்கூட இல்லை. அங்கே முதல் சுற்றில் ஒவ்வொரு முறையும் ஒரு தோட்டாவுக்கு 2 விநாடி தருவார்கள். துப்பாக்கியைப் பிடித்துப் பழகியவருக்கு அது தாராளம். புதியவர்களைச் சறுக்க வைப்பது தூரமும் நேரமும் அல்ல, எதிர்பார்ப்பு. வெடிக்கப்போகிறது என்ற நினைப்பில் கை முன்கூட்டியே கீழே அழுத்திவிடும். தோட்டாக்கள் எல்லாம் இலக்கின் அடியில் போய் உட்கார்ந்திருக்கும். விசையை இழுக்காமல் மெதுவாக அழுத்திக்கொண்டே வாருங்கள், அது எப்போது வெடிக்கிறது என்று உங்களுக்கே தெரியக்கூடாது என்று பயிற்சியாளர்கள் சொல்வது இதற்காகத்தான். தேர்வுக்கு முன் வேறு நாட்களில் ஒரு பயிற்சியாளரோடு போய்ப் பழகிவிட்டு வாருங்கள். முதன்முதலாகத் துப்பாக்கியைத் தொடும் நாள் தேர்வு நாளாக இருக்கக் கூடாது.

காதுக்கும் கண்ணுக்கும் காப்பு கட்டாயம். உள்ளரங்க ரேஞ்சில் பக்கத்துத் தடத்தில் பெரிய துப்பாக்கி வெடித்தால் நெஞ்சுக்கூடு அதிரும். அதனால் காதுக்குள் நுரை அடைப்பான், அதன்மேல் மூடி என்று இரண்டும் போட்டுக்கொள்வது நல்லது. கழுத்து மூடிய சட்டை போடுங்கள். வெளியே தெறிக்கும் சூடான தோட்டாக் கூடு காலருக்குள் விழுந்தால், கையில் துப்பாக்கி இருப்பதை மறந்து உடம்பு துள்ளிவிடும். முடிந்ததும் சோப்புப் போட்டுக் கை, முகம் கழுவிவிட்டு அப்புறம் சாப்பிடுங்கள். ஈயத்தூள் கண்ணுக்குத் தெரியாது.

தேர்ச்சி பெற்றால் பயிற்சியாளர் எல்.டி.சி.-100 என்ற சான்றிதழ் தருவார். ஆன்லைனில் படித்தவர்களுக்குச் சுடும் தேர்வுக்கான சான்று எல்.டி.சி.-101. பத்திரமாக ஸ்கேன் செய்து வையுங்கள்.

விண்ணப்பம்

டி.பி.எஸ். இணையதளத்தில் ஆன்லைனில் செய்வது. கட்டணம் 40 டாலர். 2017 வரை 140 ஆக இருந்தது. முன்னாள் ராணுவத்தினர் போன்ற சில பிரிவினருக்குச் சலுகை உண்டு. ஓட்டுநர் உரிமம், கடந்த 5 ஆண்டில் குடியிருந்த முகவரிகள், அதே 5 ஆண்டின் வேலை விவரம், மனநலம், போதை, குற்றம் தொடர்பாக ஏதாவது இருந்தால் அந்த விவரங்கள், மின்னஞ்சல், கடன் அட்டை ஆகியவற்றோடு உட்காருங்கள். கன்சல்டிங் வேலையில் ஊர் ஊராக மாறியவர்கள் முகவரிப் பட்டியலை முன்கூட்டியே எழுதி வைத்துக்கொள்வது நல்லது. பழைய வாடகை ஒப்பந்தங்களும் வரிப் படிவங்களும் கைகொடுக்கும்.

நம் பெயர் ஒரு தனிச் சிக்கல். கடவுச்சீட்டில் அப்பா பெயர் குடும்பப் பெயராக இருக்கும், ஓட்டுநர் உரிமத்தில் முன்பின் மாறியிருக்கும், சிலருக்கு 'எஃப்.என்.யூ.' (முதல் பெயர் தெரியாது என்பதன் ஆங்கிலச் சுருக்கம்) என்றே முதல் பெயர் விழுந்திருக்கும். விண்ணப்பம், ஓட்டுநர் உரிமம், கிரீன் கார்டு, கைரேகைப் பதிவு நான்கிலும் பெயர் எழுத்துக்கு எழுத்து ஒன்றாக இருக்க வேண்டும். ஓட்டுநர் உரிமத்தில் தவறு இருந்தால் முதலில் அதைத் திருத்திவிட்டு இதற்கு வாருங்கள். முன்பு வேறு பெயரில் அறியப்பட்டிருந்தால் கேட்கும் இடத்தில் அதையும் எழுதுங்கள்.

எதையும் மறைக்காதீர்கள். தள்ளுபடியான வழக்கு, கல்லூரிக் காலத்தில் கைதாகி மறுநாளே விட்டுவிட்ட சம்பவம் எல்லாம் கைரேகையில் வெளியே வந்துவிடும். பழைய சம்பவம் உங்களைத் தகுதியிழக்கச் செய்யாமல் போகலாம். அதைப் பொய் சொல்லி மறைத்தால், அந்தப் பொய்யே தகுதியிழக்கச் செய்யும்.

விண்ணப்பித்தபின் ஐடென்டோகோ மையத்தில் நேரம் வாங்கி மின்னணுக் கைரேகை கொடுக்கவேண்டும். 10 டாலர் அளவில் ஆகும். வயதானவர்களுக்கும் பாத்திரம் கழுவிக் கழுவி ரேகை தேய்ந்தவர்களுக்கும் முதல் முறை சரியாகப் பதியாமல் போவதுண்டு. முந்தைய இரவு கைக்கு எண்ணெயோ க்ரீமோ தடவி மென்மையாக்கி, காலையில் நன்றாகக் கழுவிவிட்டுப் போனால் தெளிவாக விழும். பிறகு சான்றிதழ்களையும், குடிமகன் அல்லாதவர் என்றால் சட்டப்படி தங்கியிருப்பதற்கான ஆவணத்தையும் பதிவேற்றுங்கள்.

எல்லா ஆவணமும் வந்து சேர்ந்த நாளிலிருந்து 60 நாள் கணக்கு. பலருக்கு அதற்கு முன்பே வந்துவிடும். பின்னணியில் ஏதாவது ஆராயவேண்டியிருந்தால் நீளலாம். மறுத்தால் 30 நாளுக்குள் கேட்டு, உள்ளூர் அமைதி நீதிபதி (ஜஸ்டிஸ் ஆஃப் தி பீஸ்) முன் விசாரணை பெறலாம். அந்தக் கெடுவைத் தவறவிடாதீர்கள்.

அட்டை வந்தபின்

வாசல் பலகைகளைப் படிக்கப் பழகுங்கள். அவற்றில் இருக்கும் எண்கள் சட்டப் பிரிவுகளின் எண்கள். 30.06 என்றால் உரிமம் உள்ளவர் மறைத்து எடுத்துவரக் கூடாது. 30.07 என்றால் வெளியே தெரியும்படி கூடாது. 30.05 உரிமம் இல்லாமல் எடுத்துவருபவர்களுக்கு. ஆங்கிலத்திலும் ஸ்பானிஷிலும், குறைந்தது ஓர் அங்குல உயர எழுத்தில், சட்டம் சொன்ன அதே வாசகத்தோடு இருக்கும். பலகையை மீறினால் 200 டாலர் வரை அபராதம். யாராவது வாயால் சொல்லியும் வெளியேறாவிட்டால் அது ஏ வகைக் குற்றமாகிச் சிறைவரை போகலாம். சிவப்பில் 51% என்று பெரிதாக எழுதியிருக்கும் இடம் மதுவில் பாதிக்கு மேல் வருமானம் காணும் கடை. அங்கே துப்பாக்கியோடு நுழையவே கூடாது.

பள்ளிக் கட்டடம், வாக்குச்சாவடி, நீதிமன்றம், விமான நிலையத்தின் பாதுகாக்கப்பட்ட பகுதி, கூட்டரசுக் கட்டடங்கள், பள்ளி, கல்லூரி, தொழில்முறை அணிகளின் விளையாட்டுப் போட்டிகள் ஆகியவை பலகை இருந்தாலும் இல்லாவிட்டாலும் தடை செய்யப்பட்ட இடங்கள். மரணதண்டனை நிறைவேறும் நாளில் ஹன்ட்ஸ்வில் சிறையைச் சுற்றி 1,000 அடிகூட அந்தப் பட்டியலில் இருக்கிறது. வழிபாட்டிடங்களில் பலகையோ வாய்மொழித் தடையோ இல்லாவிட்டால் உரிமம் உள்ளவர் எடுத்துப்போகச் சட்டம் அனுமதிக்கிறது. பியர்லாண்ட் மீனாட்சி கோவிலுக்குப் போனாலும் உள்ளூர்த் தேவாலயத்துக்குப் போனாலும் முதலில் வாசலைப் பாருங்கள். என்னைக் கேட்டால், பலகை இல்லாவிட்டாலும் கோவில் நிர்வாகத்திடம் ஒரு வார்த்தை கேட்டுவிடுவதே மரியாதை. பிரதட்சிணத்தில் குழந்தைகள் காலடியில் ஓடும் இடம் அது. சாஷ்டாங்கமாக விழும்போது இடுப்பில் இருப்பது வெளியே தெரியும்.

அலுவலகத்துக்குள் தடை போட முதலாளிக்கு உரிமை உண்டு. ஆனால் பார்க்கிங்கில் உங்கள் சொந்தக் காருக்குள் பூட்டி வைப்பதை 2011 முதல் பெரும்பாலான நிறுவனங்கள் தடுக்க முடியாது. அப்படி வைத்தால் இருக்கையோடு கம்பிவடத்தால் கட்டிய சிறு பெட்டகத்தில் வையுங்கள். காரின் முன்பக்கத்து 'க்ளவ் பாக்ஸ்' பெட்டகமாகாது.

போலீஸ் நிறுத்தி அடையாள அட்டை கேட்டால், துப்பாக்கி உடன் இருக்கும் பட்சத்தில் ஓட்டுநர் உரிமத்தையும் எல்.டி.சி.-யையும் சேர்த்தே காட்ட வேண்டும். இரவானால் உள்விளக்கைப் போடுங்கள், இரண்டு கையும் ஸ்டியரிங் மேல் இருக்கட்டும். "ஆபீசர், என்னிடம் உரிமம் இருக்கிறது, துப்பாக்கி வலது இடுப்பில் இருக்கிறது. நான் என்ன செய்யட்டும்?" என்று நிதானமாகக் கேளுங்கள். அவர் சொல்லும் வரை கை அந்தப் பக்கம் போகக் கூடாது.

வீட்டுக்குள்

17 வயதுக்குக் கீழுள்ள பிள்ளையின் கைக்கு எட்டும்படி, சுடத் தயாரான துப்பாக்கியை அஜாக்கிரதையாக விட்டுவைப்பது டெக்சஸில் குற்றம். சட்டம் இல்லாவிட்டாலும் இதைத்தான் சொல்வேன்: உடம்பில் இல்லாத நேரமெல்லாம் துப்பாக்கி பெட்டகத்தில். அலமாரியில் புடவைகளுக்கு அடியில், கட்டிலுக்கு அடியில் பெட்டிக்குள் என்பதெல்லாம் மறைவிடம் ஆகாது. பிள்ளைகளுக்கு அந்த இடங்கள் உங்களுக்கு முன்பே தெரியும். விரல் வைத்தால் அரை விநாடியில் திறக்கும் சிறு பெட்டகங்கள் துப்பாக்கியின் விலையில் ஒரு சிறு பங்குக்கே கிடைக்கின்றன. அமெரிக்காவில் துப்பாக்கியால் நேரும் சாவுகளில் பாதிக்கு மேல் தற்கொலைகள். வீட்டில் யாராவது மனம் உடைந்து போயிருக்கும் காலத்தில் துப்பாக்கியை வீட்டைவிட்டே வெளியேற்றி வைப்பது நல்லது. அதற்கு உதவும் துப்பாக்கிக் கடைகளும் ரேஞ்சுகளும் இருக்கின்றன, விசாரியுங்கள்.

பயணம்

உள்நாட்டு விமானத்தில் துப்பாக்கி போகவேண்டுமென்றால் தோட்டா நீக்கி, கடினமான பூட்டிய பெட்டியில், கவுன்டரில் சொல்லிவிட்டு, சரக்குப் பையில் மட்டும். இறங்கும் மாநிலத்தின் சட்டத்தை அதற்கு முன்பே படித்திருக்க வேண்டும். நியூ ஜெர்சியில் அக்கா வீட்டுக் கல்யாணத்துக்குப் போகிறீர்களென்றால் வீட்டிலேயே விட்டுவிடுங்கள்.

இந்தியாவுக்குப் போகும்போது பயப்படவேண்டியது துப்பாக்கியைப் பற்றி இல்லை, ஒற்றைத் தோட்டாவைப் பற்றி. ரேஞ்சுக்குக் கொண்டுபோன முதுகுப்பையின் தையல் மடிப்பில் ஒரு தோட்டா சிக்கிக்கொண்டிருக்கும். இங்கே யாரும் கவனித்திருக்க மாட்டார்கள். சென்னையிலோ டெல்லியிலோ எக்ஸ்ரேயில் அது பளிச்சென்று தெரியும். 1959-ஆம் ஆண்டின் ஆயுதச் சட்டத்தில் வழக்குப் பதிவாகும். தெரியாமல் வந்தது என்று பின்னால் நீதிமன்றத்தில் நிரூபித்து விடுபடலாம்தான், ஆனால் அதற்குள் விடுமுறையும் விமான டிக்கெட்டும் போயிருக்கும். ரேஞ்சுக்கென்று தனிப்பை வாங்குங்கள். அந்தப் பை விமான நிலையத்தைப் பார்க்கவே கூடாது. ரேஞ்சுக்குப் போட்டுப்போன ஜாக்கெட்டின் பாக்கெட்டையும் ஊருக்குக் கிளம்பும் முன் கவிழ்த்துப் பாருங்கள்.

புதுப்பித்தல்

முதல் உரிமம், கொடுத்த தேதியிலிருந்து நான்காண்டு முடிந்தபின் வரும் உங்கள் முதல் பிறந்தநாள் வரை செல்லும். அதன்பின் புதுப்பித்தால் 5 ஆண்டு. கட்டணம் மறுபடி 40 டாலர். 2013-க்குப் பிறகு புதுப்பிக்க வகுப்போ சுடும் தேர்வோ தேவையில்லை, ஆன்லைனிலேயே முடிந்துவிடும். வீடு மாறினாலோ பெயர் மாறினாலோ 30 நாளுக்குள் டி.பி.எஸ்.-க்குச் சொல்லவேண்டும். ஓட்டுநர் உரிமத்தில் மாற்றியது தானாக இங்கே வந்துவிடும் என்று நம்பாமல் எல்.டி.சி. கணக்கிலும் தனியாக மாற்றிவிடுங்கள்.